கீசகன் செத்த விதம்: தென்னிந்திய மௌனப் படங்களின் தந்திரக் காட்சியும் பர்கூர் வட்டாரக் கூத்து மரபும்

1. பொருளும் எல்லையும்

பர்கூர் என்றதும் வெளியூர்க்காரர்களுக்கு இரண்டு விஷயங்கள் நினைவுக்கு வரும். ஒன்று, வரிசையாக நிற்கும் துணிக்கடைகள். இன்னொன்று, தேர்தல். 1991இல் ஜெயலலிதாவை எதிர்த்து டி. ராஜேந்தர் நின்று தோற்ற தொகுதி இது. 1996இல் முதலமைச்சராக இருந்த ஜெயலலிதாவே தோற்றதும் இங்கேதான். திரையில் பார்த்த முகத்தைத் தோளில் தூக்கவும் இறக்கவும் தெரிந்த ஊர் என்று வேண்டுமானால் சொல்லிக்கொள்ளலாம். இக்கட்டுரை எடுத்துக்கொள்வது அதற்கு முக்கால் நூற்றாண்டு முந்தைய திரையை: பேச்சில்லாத, கையால் சுழற்றிய, துணிக் கூடாரத்தில் ஓடிய படங்களின் திரையை.

அந்தப் படங்களில் கடவுள் திடீரென்று தோன்றினார், அரக்கனின் தலை உடலைவிட்டுப் பறந்தது, குரங்கு வானத்தில் மிதந்தது. இவற்றைத் தந்திரக் காட்சி என்று நம் திரையுலகம் வெகுகாலம் அழைத்து வந்தது. திரைப்பட வரலாற்று நூல்கள் இதை இரண்டு விதமாகச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகின்றன. பிரான்சில் மெலியேஸ் கண்டுபிடித்ததைப் பால்கே இங்கே கொண்டுவந்தார் என்பது ஒன்று. படிப்பறிவில்லாத பார்வையாளர்கள் அதை நிஜமென்று நம்பிக் கும்பிட்டார்கள் என்பது மற்றொன்று. முதலாவது பாதி உண்மை. இரண்டாவதை நான் ஏற்கவில்லை. கிருஷ்ணகிரி வட்டாரத்தில் இன்றும் நடக்கும் பாரதக் கூத்தை அருகிலிருந்து பார்ப்பவர் எவரும் அதை எளிதில் ஏற்க முடியாது. தந்திரக் காட்சியைப் பார்க்கத் தேவையான பயிற்சி கேமரா வருவதற்கு முன்பே இம்மக்களிடம் இருந்தது என்பதே என் வாதம்.

2. கேமராவுக்கு முந்தைய மாயம்

2.1 களரி

பர்கூர், மத்தூர், போச்சம்பள்ளி, ஊத்தங்கரைப் பக்கம் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் வைத்தால் பகலில் பிரசங்கியார் கதை சொல்வார். இரவில் கூத்து நடக்கும். மண்ணால் செய்து படுக்கவைத்த பிரம்மாண்டமான துரியோதனன் மேல் படுகளம் முடியும், பிறகு தீமிதி. ஒரே கதையை ஊர் இரண்டு முறை கேட்கிறது, பகலில் சொல்லாக, இரவில் வேஷமாக. இந்த ஏற்பாட்டை மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். ஏழாம் பகுதியில் இது தேவைப்படும்.

வேஷம் ஆடுகளமான களரிக்குள் வரும் முறையைக் கவனிப்போம். இரண்டு பேர் ஒரு துணியைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். துணிக்கு மேலே கிரீடத்தின் நுனி தெரியும், கீழே சலங்கை கட்டிய கால் தெரியும். கட்டியங்காரன் வருவது யாரென்று விசாரிப்பான். வேஷம் திரைக்குப் பின்னால் நின்றபடியே தன்னைத்தானே பாடி அறிவிக்கும். தீப்பந்தத்தில் குங்கிலியப் பொடியைத் தூவ, பக்கென்று தீ எழும்பும்போது துணி விலகும். துணி பிடித்திருப்பவர் பக்கத்து ஊர்க்காரர். பொடி தூவுபவர் எல்லாருக்கும் தெரிந்தவர். எதுவும் மறைக்கப்படவில்லை. ஆனாலும் அந்த நொடியில் களரி அதிர்கிறது.

துகிலுரிதல் இரவில் இது இன்னும் கூர்மையாகத் தெரியும். திரௌபதி வேஷம் கட்டியவர் பெரும்பாலும் ஆண். அவர் உடுத்திய புடவையைத் துச்சாதனன் தொடுவதில்லை. இழுப்பதற்கென்றே மேலாகச் சுற்றிய வேறு துணி இருக்கும். தொடுவதற்கு முன் கூத்தை நிறுத்திக் கற்பூரம் காட்டிக் கும்பிடுவார்கள். புடவை வளர்ந்துகொண்டே போவதைத் துணி காட்டுவதில்லை. பாட்டும் பின்பாட்டும் காட்டுகின்றன. துச்சாதனன் களைத்து விழுகிறான். முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்கள். வேஷம் கட்டியவர் யாரென்று அவர்களைக் கேட்டால் பெயர், தெரு, தொழில் எல்லாம் சொல்வார்கள்.

2.2 பாவை

தமிழும் தெலுங்கும் கன்னடமும் உருதும் ஒரே சந்தையில் பேரம் பேசும் நிலம் இது. இதன் மூன்று பக்கமும் தோல்பாவை மரபு உண்டு: தமிழகத்தில் தோல்பாவைக் கூத்து, ஆந்திரத்தில் தோலு பொம்மலாட்டா, கர்நாடகத்தில் தொகலு கொம்பெயாட்டா. பாவையைத் திரையோடு ஒட்டிப் பிடித்தால் உருவம் கூர்மையாகத் தெரியும். விளக்கின் பக்கம் பின்னுக்கு இழுத்தால் பெரிதாகி, மங்கி, கரையும். ஒரே பாத்திரத்துக்கு வேறு வேறு நிலையில் பல பாவைகள் இருக்கும். சண்டை வேகத்தில் ஒன்றை எடுத்து மற்றொன்றை வைத்தால் பார்ப்பவர் கண்ணுக்கு உருமாற்றமாகத் தெரியும். உருவைக் கரைப்பது, பெரிதாக்குவது, ஒன்றை அகற்றி அதே இடத்தில் இன்னொன்றை வைப்பது ஆகிய மூன்று வேலைகளையும்தான் தொடக்ககாலக் கேமராவும் செய்தது.

3. பெட்டிக்குள் நடந்தது

3.1 நிறுத்தி மாற்றுதல்

கையால் சுழற்றும் கேமராவில் கைப்பிடியை ஒருமுறை சுற்றினால் 8 பிரேம் ஓடும். விநாடிக்கு இரண்டு சுற்று, அதாவது 16 பிரேம் என்பது மௌனப் படத்தின் வழக்கமான வேகம். 35 மி.மீ. சுருளின் ஓர் அடியிலும் 16 பிரேம்களே இருப்பதால், ஒரு விநாடிக்கு ஓர் அடி என்று ஆபரேட்டர்கள் மனக்கணக்குப் போட்டார்கள். தந்திரக் காட்சியின் முழு இலக்கணமும் இந்தக் கைப்பிடியில் இருக்கிறது. சுழற்றுவதை நிறுத்தினால் காலம் நின்றுவிடும். நடிகர்கள் சிலையாக நிற்க, ஒருவரை மட்டும் வெளியேற்றிவிட்டு மீண்டும் சுழற்றினால் அவர் மறைந்துபோவார்.

இதை மெலியேஸ்தான் முதலில் செய்தார் என்பது பிழை. 1895இல் எடிசன் கம்பெனிக்காக ஆல்பிரட் கிளார்க் எடுத்த, ஸ்காட்லாந்து அரசி மேரியின் தலை வெட்டப்படும் குறும்படத்தில் நடிகருக்குப் பதில் பொம்மையை வைத்து இதே வேலையைச் செய்திருக்கிறார்கள். பாரிசில் கேமரா சிக்கிக்கொண்டதால் பேருந்து சவ வண்டியாக மாறிப்போனது என்று மெலியேஸ் பின்னாளில் சொன்ன கதையை வரலாற்றாசிரியர்கள் பலர் நம்புவதில்லை. வித்தைக்காரர் தன் வித்தை பிறந்த கதையையும் ஒரு வித்தையாகத்தான் சொல்வார். ஆனால் 1896இல் அவர் எடுத்த மறையும் பெண் படம் தொடங்கி, இந்த உத்தியைக் கலையாக்கியவர் அவரே. எஞ்சியிருக்கும் அவருடைய பிரதிகளைப் பரிசோதித்தவர்கள் இன்னொன்றையும் கண்டார்கள்: மாற்றம் நடக்கும் ஒவ்வொரு இடத்திலும் சுருள் வெட்டி ஒட்டப்பட்டிருக்கிறது. கேமரா நின்றபோது பதிவான அசிங்கமான பிரேம்களைக் கத்தரியால் நீக்கினால்தான் மாயம் முழுமையாகும். பாதித் தந்திரம் படப்பிடிப்பில் நடந்தது. மீதிப் பாதி மேசையில்.

3.2 இரட்டைப் பதிவு

பதிவான சுருளின் மேலேயே இன்னொருமுறை பதிவது அடுத்த உத்தி. லென்ஸை மூடிக்கொண்டு, எத்தனை சுற்று முன்னே போனதோ அத்தனை சுற்று பின்னே சுழற்ற வேண்டும். கணக்கு ஒன்று பிசகினாலும் கடவுள் தவறான இடத்தில் தோன்றிவிடுவார். இரண்டாம் முறை கறுப்புத் துணிப் பின்னணியில் ஆளை நிறுத்தினால், கறுப்பு பதியாது, ஆள் மட்டும் ஒளியுருவாகப் பழைய காட்சிமேல் படிவார். லென்ஸின் துவாரத்தை மெல்லச் சுருக்கினால் காட்சி மங்கி மறையும். பின்னுக்குச் சுழற்றி அடுத்ததை மெல்லத் திறந்தால் ஒன்று மற்றொன்றாகக் கரையும். பிரேமின் ஒரு பாதியை மறைத்து ஒருமுறையும், மறுபாதியை மறைத்து இன்னொருமுறையும் எடுத்தால் ஒரே நடிகர் தன்னோடு தானே பேசலாம். 1940இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘உத்தம புத்திர’னில் பி.யு. சின்னப்பாவை இரண்டு பேராகக் காட்டியது. பேசும் படக் காலத்திலும் இரட்டை வேடத்துக்கு அடிப்படை இந்த மௌனப் பட உத்திதான். பர்கூர் அப்போது சேலம் மாவட்டத்தில்தான் இருந்தது.

3.3 வெயிலும் நிறமும்

இந்தியாவின் முதல் ஸ்டூடியோக்களுக்கு விளக்கு கிடையாது, சூரியன்தான் விளக்கு. நிறுத்தி மாற்றும் உத்திக்குச் சூரியனைப்போல எதிரி இல்லை. கேமராவை நிறுத்தி, முனிவர் வேஷத்தை வெளியேற்றி, சிவன் வேஷத்தை நிறுத்தி, ஜடையைச் சரிசெய்வதற்குள் கால் மணி நேரம் போய்விடும். அதற்குள் தூணின் நிழல் தரையில் நகர்ந்திருக்கும். திரையில் சிவன் தோன்றும் அதே நொடியில் நிழலும் துள்ளும். கூர்ந்து பார்ப்பவர் கடவுளைவிட முதலில் நிழலைத்தான் பார்ப்பார். கூரையாக வெள்ளைத் துணியைக் கட்டி வெயிலை வடிகட்டியதற்கு முகத்தில் நிழல் விழாமல் காப்பது முதல் காரணம். தந்திரக் காட்சிக்கு அது இரட்டிப்பு லாபம்.

நிறத்தின் விளையாட்டு இன்னும் விநோதமானது. அக்காலச் சுருள் சிவப்பை உணராது; நீலத்தை மிகையாக உணரும். ஆகவே சிவப்பு கறுப்பாகவும் நீலம் வெளுப்பாகவும் பதியும். நீலமேனிக் கண்ணன் திரையில் வெளுத்துவிடுவான். நெற்றிக் குங்குமம் கரும்புள்ளியாகிவிடும். சிவப்பு அரிதாரம் பூசிய துச்சாதனன் கரியைப் பூசியவன்போல நிற்பான். வண்ணத்தை வைத்தே வேஷத்தை அடையாளம் காணப் பழகிய கூத்துப் பார்வையாளருக்கு இது எவ்வளவு பெரிய இழப்பு! வண்ணம் இல்லாத இடத்தைக் கிரீடம், கதாயுதம், வில், தலைப்பு அட்டை ஆகியவை நிரப்ப வேண்டியிருந்தது.

4. பால்கே: வித்தையை ஒளிக்காதவர்

துண்டிராஜ் கோவிந்த் பால்கே ஜே.ஜே. கலைப்பள்ளியிலும் பரோடாவிலும் படித்தவர். புகைப்படம், அச்சு, ஜாலவித்தை எல்லாம் கற்றவர். தன் பெயரையே திருப்பிப்போட்டு ‘புரொபசர் கெல்பா’ என்ற பெயரில் மேடையில் வித்தை காட்டினார். 1912இல் லண்டன் சென்று வில்லியம்சன் கேமரா வாங்கி வந்தார். முதலீட்டாளரைச் சம்மதிக்க வைக்க அவர் எடுத்துக் காட்டிய முதல் படத்தில் கடவுளும் இல்லை, அரசனும் இல்லை. ஒரு தொட்டியில் பட்டாணி விதைத்து, நாள்தோறும் கொஞ்சம் கொஞ்சமாகப் படம் பிடித்து, விதை கண்முன்னே செடியாவதைக் காட்டினார். காலத்தைச் சுருக்கும் அதே கைப்பிடி வித்தைதான். பணம் வந்தது.

1913 மே 3 அன்று பம்பாய் காரனேஷனில் ‘ராஜா ஹரிச்சந்திரா’ பொதுமக்களுக்குத் திரையிடப்பட்டது. இறுதியில் சிவன் தோன்றுவது கேமராத் தந்திரத்தின் வேலை. 1917இல் ‘லங்கா தகனம்’. அதில் அண்ணா சாலுங்கே ராமனாகவும் சீதையாகவும் நடித்தார். இது கேமராத் தந்திரமே அல்ல, வேஷத் தந்திரம். நம் கூத்து வாத்தியார்களுக்கு இதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. 1918இல் ‘ஸ்ரீகிருஷ்ண ஜன்மா’வில் கம்சனின் அச்சம் உருவம் பெறுகிறது, அவன் தலை கழுத்தைவிட்டு மேலே மிதக்கிறது.

என் வாதத்துக்கு இவை எல்லாவற்றையும்விட முக்கியமானது 1919இன் ‘காளிய மர்தன’த்தின் தொடக்கம். கண்ணனாக நடிப்பது பால்கேயின் மகள், சிறுமி மந்தாகினி. படம் கதையில் தொடங்கவில்லை. இந்தச் சிறுமியின் முகபாவங்களைப் பாருங்கள் என்று தலைப்பு அட்டை சொல்கிறது. வேஷமில்லாத மந்தாகினி அருகாமைக் காட்சியில் சிரிக்கிறாள், கோபப்படுகிறாள், அழுகிறாள். பிறகு நம் கண்முன்னேயே அவள் முகம் கண்ணன் முகமாகக் கரைகிறது. அதற்குப் பின்னர்தான் கதை. ஏமாற்றுவது நோக்கமென்றால் எந்த வித்தைக்காரராவது இப்படிச் செய்வாரா? துணி பிடித்து நிற்கும் ஆளை நாம் பார்த்துக்கொண்டே இருக்கிறோமே, கூத்தின் அந்த நியாயம் அப்படியே இங்கே வந்திருக்கிறது. திரைப்படம் எப்படித் தயாராகிறது என்று பால்கே தனியாக ஒரு குறும்படமே எடுத்துக் காட்டினார். மெலியேஸின் மேடையில் ரகசியம்தான் சரக்கு. பால்கே அந்தச் சரக்கை வெளியில் பரப்பி வைத்தார்.

5. சென்னையிலிருந்து பெங்களூருக்கு

வேலூர்க்காரரான ஆர். நடராஜ முதலியார் சென்னையில் மோட்டார் வாகன உதிரிபாக வியாபாரம் செய்தவர். கர்சன் பிரபுவைப் பற்றிய படத்தில் வேலை செய்த ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய ஒளிப்பதிவாளரிடம் புனாவில் கைப்பிடி சுழற்றக் கற்றுக்கொண்டார். பழைய வில்லியம்சன் கேமரா ஒன்றை வாங்கினார். சென்னை மில்லர்ஸ் சாலையில் ‘இந்தியா பிலிம் கம்பெனி’ தொடங்கித் தென்னகத்தின் முதல் கதைப்படமான ‘கீசக வத’த்தை எடுத்தார். ஆண்டை 1916 என்றும் 1917 என்றும் 1918 என்றும் ஆளுக்கொன்று எழுதுகிறார்கள். பதிவாகியிருக்கும் கணக்குப்படி 35 நாள் படப்பிடிப்பு, 35,000 ரூபாய் செலவு, சுமார் 6,000 அடி நீளம். விநாடிக்கு ஓர் அடி என்றால் 100 நிமிடம்.

இந்தக் கணக்கில் பலரும் கவனிக்காத ஒரு விவரம் உண்டு. படச்சுருளைக் கழுவும் ஆய்வுக்கூடம் சென்னையில் இல்லை, பெங்களூரில் இருந்தது. காரணம் வெப்பம். சுருளின் ஜெலட்டின் பூச்சு சூடான இரசாயனக் கரைசலில் இளகிச் சுருங்கிவிடும். குளிர்ந்த தண்ணீர் வேண்டும். நாராயணசாமி ஆச்சாரி என்பவர் பெங்களூர்க் கூடத்தைக் கவனித்துக்கொள்ள, முதலியார் வாராவாரம் ரயிலேறிப் போய்க் கழுவிக்கொண்டு வந்தார். ஜோலார்பேட்டையில் திரும்பி, குப்பம், பங்காருபேட்டை வழியாகப் போகும் பாதை அது. ஜோலார்பேட்டை பர்கூருக்குக் கிழக்கே, குப்பம் வடக்கே. தமிழின் முதல் கதைப்படச் சுருள் பர்கூரைச் சுற்றிக்கொண்டுதான் போய் வந்திருக்கிறது.

இதிலிருந்து ஓர் ஊகம் செய்கிறேன். பால்கேயின் ஆய்வுக்கூடம் அவர் வீட்டோடு இருந்தது. மனைவி சரஸ்வதிபாயே சுருளுக்குத் துளையிட்டார், கழுவினார். இன்று பகலில் எடுத்த இரட்டைப் பதிவு சரியாக விழுந்ததா என்று இன்றிரவே பார்த்துவிடலாம். தவறினால் நாளைக்கே திரும்ப எடுக்கலாம். முதலியாருக்கு அந்த விடை ஒரு வாரம் கழித்துத்தான் கிடைக்கும். அதற்குள் செட்டைப் பிரிக்காமல், நடிகர்களை அனுப்பாமல் வைத்திருக்க வேண்டும். தந்திரக் காட்சி என்பது திரும்பத் திரும்பச் செய்து பார்த்து வசப்படுத்தும் வேலை. கேமராவுக்கும் கழுவும் தொட்டிக்கும் நடுவே ஓர் இரவு ரயில் பயணம் இருந்தால், துணிச்சலான தந்திரங்களுக்கு யாரும் எளிதில் இறங்கமாட்டார்கள். மராத்தியப் படங்களுக்கு இணையாகத் தென்னாட்டு மௌனப் படங்களில் தந்திரக் காட்சி பேசப்படாததற்குத் திறமைக் குறைவைக் காரணமாக்குவது நியாயமில்லை. தட்பவெப்பமும் ரயில் அட்டவணையும்கூட இதில் கணக்கில் வரும்.

முதலியாரின் அடுத்த படம் ‘திரௌபதி வஸ்திராபகரணம்’. வளரும் புடவை! களரியில் பாட்டு வளர்த்த புடவையை இங்கே சுருள் வளர்க்க வேண்டும். நிறுத்தி மாற்றும் உத்திக்கு இதைவிடப் பொருத்தமான காட்சி புராணத்தில் கிடையாது. அவருடைய படங்கள் ஒன்றும் இன்று மிஞ்சவில்லை. மகன் இறந்து, ஸ்டூடியோவும் தீயில் போனபின் 1920களின் தொடக்கத்தில் முதலியார் தொழிலைவிட்டே விலகினார்.

6. கீசகனின் மூன்று சாவுகள்

ஒரே கதை மூன்று இடங்களில் எப்படி நடந்தது என்று ஒப்பிடக் கீசகன் நல்ல வாய்ப்பு. கூத்தில் பீமன் பெண் வேஷம் போட்டுக் காத்திருப்பான். திரௌபதி என்று நினைத்துக் கீசகன் ஆசையோடு வருவான். நகைச்சுவையில் தொடங்கிச் சண்டையில் முடியும். அடி எதுவும் மேலே படாது. மிருதங்கமும் முகவீணையும்தான் அடிக்கின்றன. செத்த கீசகன் எழுந்து துணிக்குப் பின்னால் போவதை எல்லாரும் பார்ப்பார்கள்.

முதலியாரின் கீசகனைப் பார்க்க வழியில்லை; அவர் கதையைத் தேர்ந்ததிலேயே ஒரு கணக்கு இருக்கிறது. கடவுள் நேரில் வரத் தேவையில்லாத பாரதக் கதை இது. இரட்டைப் பதிவு இல்லாமலேயே எடுத்துவிடலாம். ஒரு வாரம் காத்திருக்க வேண்டிய தயாரிப்பாளருக்குப் பொருத்தமான முதல் படம்.

மூன்றாவது சாவு கோலாப்பூரில் நடந்தது. பாபுராவ் பெயிண்டர் 1920இல் ‘சைரந்திரி’ என்று அதே கதையை எடுத்தார். அவர் ஓவியர், சிற்பி. பீமன் கீசகனைக் கொல்லும் காட்சியை அவ்வளவு தத்ரூபமாக எடுத்துவிட்டார். அரங்கில் அலறல் எழுந்தது. தணிக்கை வாரியம் அந்தக் காட்சியை வெட்டியெறிந்தது. வாரியங்கள் பம்பாய், கல்கத்தா, சென்னை, ரங்கூன் நகரங்களில் வேலை தொடங்கிய ஆண்டும் அதுவே.

இங்கே கொஞ்சம் நின்று யோசிக்கலாம். கம்சனின் தலை காற்றில் மிதந்தபோது ரசித்த மக்கள், கீசகன் செத்தபோது அலறினார்கள். மிதக்கும் தலை புராண மாயம் என்று அவர்களுக்குத் தெரியும். அதைப் பார்க்கக் கூத்தும் பாவையும் பழக்கியிருந்தன. கீசகனின் சாவோ கசாப்புக் கடையில் பார்க்கக்கூடிய மாதிரி இருந்தது. அந்தத் தத்ரூபத்துக்குக் களரியில் முன்மாதிரி இல்லை. ஆக, பார்வையாளரைக் கலங்கடித்தது மாயம் என்பதைவிட, மாயம் தன் அடையாளத்தை மறைத்துக்கொண்டு வந்த விதம் என்றே சொல்ல வேண்டும்.

7. பக்கத்தில் நின்ற குரல்

1905இல் திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், டூபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படக்கருவியையும் சில சுருள்களையும் வாங்கினார். இயேசுவின் வாழ்க்கைப் படம் அவற்றில் ஒன்று. வேலையை விட்டுவிட்டுக் கூடாரத்தோடு ஊர் ஊராகப் போனார். பின்னர் 1914இல் கோவையில் வெரைட்டி ஹாலைக் கட்டினார். பம்பாயில் பால்கேயைத் திரைக்கு இழுத்ததும் கிறிஸ்துவின் வாழ்க்கைப் படம்தான் என்பதை நினைத்துக்கொள்ளலாம். அந்த வகைப் படங்களே அற்புதங்களின் தொகுப்பு. தேவதூதர் தோன்றுவதும் தண்ணீர்மேல் நடப்பதும் இரட்டைப் பதிவின் பாடநூல்கள்.

டெண்ட் கொட்டகையில் படம் தனியாக ஓடவில்லை. ஆர்மோனியமும் தபலாவும் இருந்தன. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதையை விளக்கினார். தலைப்பு அட்டைகளை உரக்கப் படித்தார். சண்டைக் காட்சியில் கூட்டத்தை உசுப்பினார். தியடோர் பாஸ்கரன் போன்ற ஆய்வாளர்கள் இந்த விளக்குநரைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். ஜப்பானில் பென்ஷி என்ற பெயரில் இதே வேலையைச் செய்தவர்கள் நட்சத்திரங்களாகவே இருந்தார்கள். இங்கே அவர்களுக்குப் பெயர்கூட மிஞ்சவில்லை. எழுத்தறிந்தவர் பத்தில் ஒருவர் அளவே இருந்த நாட்டில் அவரில்லாமல் படமே இல்லை. ‘கீசக வத’த்தின் அட்டைகளில் தமிழோடு ஆங்கிலமும் இந்தியும் இருந்தன. தமிழும் தெலுங்கும் கன்னடமும் கலந்து உட்கார்ந்திருக்கும் எல்லைப்புறக் கூட்டத்துக்கு மூன்று மொழி அட்டை போட்டாலும் போதாது. ஒரு குரல் போதும்.

தந்திரக் காட்சியில் இந்தக் குரலின் பங்கு மிகப் பெரியது. ஒளியுரு ஒன்று திரையில் படிகிறது. வண்ணம் இல்லை, பேச்சு இல்லை. அது விஷ்ணுவா, ஆவியா, அரசனின் கனவா? மூன்றையும் ஒரே இரட்டைப் பதிவுதான் காட்டுகிறது. எது என்று தீர்மானிப்பது விளக்குநரின் வாய். பகலில் பிரசங்கியார் சொல்லிவைத்த கதைமேல் இரவில் வேஷம் வந்து நின்றதல்லவா? இங்கே பிரசங்கமும் வேஷமும் ஒரே நேரத்தில் நடந்தன. ஆகவே மௌனப் படத்தின் மாயத்தைச் சுருளில் மட்டும் தேடுவது, கூத்தைப் பாட்டில்லாமல் பார்த்துவிட்டுத் தீர்ப்புச் சொல்வதற்குச் சமம்.

8. ஏமாந்தவர் யார்

ரயில் வருவதைத் திரையில் கண்டு 1896இல் பாரிஸ்காரர்கள் அலறியடித்து ஓடினார்கள் என்ற கதையை டாம் கன்னிங் முதலிய ஆய்வாளர்கள் சந்தேகத்தோடுதான் பார்க்கிறார்கள்: படம் என்று தெரிந்தே வந்தவர்கள், தெரிந்ததனாலேயே வியந்தார்கள் என்பது அவர்கள் வாதம். நம் நாட்டில் அதற்கு இணையாக வழங்குவது, ராமன் திரையில் வந்ததும் செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார்கள் என்ற கதை. இது நடந்திருக்கும் என்றே நான் நம்புகிறேன். ஆனால் அதிலிருந்து அவர்கள் ஏமாந்தார்கள் என்று முடிவு கட்டுவது படித்தவர்களின் அவசரம்.

திரௌபதி வேஷக்காரரின் காலில் விழுபவருக்கு அவர் யாரென்று தெரியாதா? படுகளத்தில் கிடப்பது நேற்றுக் குழைத்த மண் என்று தெரியாதா? தெரியும். தெரிந்துகொண்டே விழுகிறார். உருவம் செய்யப்பட்டது என்ற அறிவும், உருவத்தில் தெய்வம் இறங்கும் என்ற நம்பிக்கையும் அவரிடம் ஒன்றையொன்று அழிக்காமல் உட்கார்ந்திருக்கின்றன. இந்த இரட்டை இருப்பைப் புரிந்துகொள்ளாமல், கும்பிட்டான் ஆகவே நம்பினான், நம்பினான் ஆகவே ஏமாந்தான் என்று சங்கிலி கோத்தால், ஏமாறுவது ஆய்வாளர்தான். 1927-28இல் டி. ரங்காச்சாரியார் தலைமையில் இயங்கிய திரைப்பட விசாரணைக் குழுவின் முன் படித்தவர்கள் பலர் பாமர மக்கள்மீது படங்கள் ஏற்படுத்தும் பாதிப்பைப் பற்றிக் கவலைப்பட்டார்கள். அந்தக் கவலையைச் சான்றாக எடுத்துக்கொள்ளும்போது, அது யாருடைய கவலை என்பதையும் சேர்த்தே குறிக்க வேண்டும்.

9. சான்றுகள் எங்கே

இந்தியாவில் எடுக்கப்பட்ட மௌனப் படங்கள் சுமார் 1,300. மிஞ்சியவை மிகச் சில. அவற்றிலும் பல துண்டுகள். நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பிடிக்கும், தானாகவும் சிதையும். வெள்ளிக்காகவும் பலர் உருக்கி விற்றார்கள். ‘ராஜா ஹரிச்சந்திரா’ என்று நாம் இன்று பார்க்கும் துண்டுகளேகூடப் பால்கே 1917இல் திரும்ப எடுத்தவையோ என்ற விவாதம் உண்டு. தென்னாட்டுப் படங்களில் முழுமையாகப் பார்க்கக் கிடைப்பது 1933இன் ‘மார்த்தாண்ட வர்மா’. புராண மாயத்துக்கு அதில் இடமில்லை.

ஆகவே இத்துறையில் இனிமேல் கிடைக்கக்கூடிய சான்று சுருளைவிடக் காகிதத்திலும் நினைவிலும்தான் அதிகம். பழைய கொட்டகைகள் அச்சடித்த நோட்டீஸ், தந்திரக் காட்சிகளை விளம்பரப்படுத்திய துண்டுத்தாள், டிக்கெட் அடிக்கட்டை, ஆபரேட்டர் எழுதிவைத்த கணக்கு நோட்டு ஆகியவை இன்னும் சில வீடுகளின் பரணில் இருக்கலாம். சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இத்தகைய துண்டுத்தாள்களையும் பாதுகாக்கிறது. கிருஷ்ணகிரி, பர்கூர், ஒசூர், தருமபுரிப் பக்கம் கொட்டகை நடத்திய குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள்: அடுத்த தடவை வீட்டைச் சுத்தம் செய்யும்போது பழைய நோட்டீஸ் கட்டைப் பழைய பேப்பர்காரரிடம் எடைக்குப் போடாதீர்கள், நூலகத்துக்கு எழுதுங்கள். வட்டாரக் கல்லூரிகளின் தமிழ்த்துறை மாணவர்களுக்கு இன்னொன்று: எழுபது வயதைத் தாண்டிய கூத்து வாத்தியார்கள் இன்றும் இருக்கிறார்கள். துகிலுரிதல் துணியை எப்படிச் சுற்றுகிறார்கள், எந்த அடியில் இழுக்கத் தொடங்குகிறார்கள், பாட்டு எத்தனை சுற்று போகிறது என்பதை அவர்கள் சொல்லக் கேட்டு இந்தப் பாரதப் பருவத்திலேயே பதிவுசெய்யுங்கள்.